டூ பிட்ச்

பூட்டுக்காரருக்கு அவசரம் அறவே ஆகாது. குழந்தை உள்ளே மாட்டிக்கொண்டது என்று ஒருவர் பக்கத்தில் நின்று அழுதாலும், வளைந்த கம்பியைச் சாவித்துளைக்குள் விட்டுக் கண்ணை மூடிக்கொள்வார். உள்ளே ஒவ்வொரு முள்ளும் நகர்ந்து உட்காரும் சத்தம் கேட்கும்வரை காத்திருப்பார். பக்கத்தில் நிற்பவர் பல்லைக் கடித்துக்கொண்டிருப்பார், பூட்டு திறந்த பிறகுதான் கும்பிடுவார். சந்தைக்குப் பின்னால், செருப்புக் கடைக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் நடுவில் ஒடுங்கிக் கிடக்கும் கடை அவருடையது. அதற்குள் அவருடைய சக்கர நாற்காலி நுழைந்தால் திரும்ப இடமில்லை. போன வழியே பின்னோக்கித்தான் வர வேண்டும்.

நாற்காலி வந்ததும் தொழிலால்தான். கதவு பூட்டிக்கொண்ட ஒரு வீட்டுக்கு மூன்றாம் மாடிச் சன்னல் வழியாக ஏறப் போனவர், பிடித்த குழாயோடு கீழே வந்து சேர்ந்தார். அதன்பிறகு கால்கள் அவர் பேச்சைக் கேட்கவில்லை. ஆறு மாதம் படுக்கையில் சுவரைப் பார்த்துக் கிடந்தவரை வெளியே இழுத்துக்கொண்டு வந்தவர், இன்று அவருக்கு மச்சான் ஆகிவிட்ட மனிதர். முன்னாள் லாரி டிரைவர். விபத்தில் இடுப்புக்குக் கீழே உணர்ச்சி போனபின், மின்சார அலுவலகத்தில் புகார் போனை எடுக்கும் வேலை. "ஆள் வந்துட்டே இருக்காரு" என்று நாள் முழுக்கப் பொய் சொல்லிச் சொல்லியே குரல் கணீரென்று ஆகிவிட்டது. மாலையானால் சக்கர நாற்காலி டென்னிஸ். பூட்டுக்காரரின் கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு, இவ்வளவு பலத்தை வைத்துக்கொண்டு படுத்துக் கிடக்க வெட்கமாக இல்லையா என்று கேட்டார். மறுநாளே மைதானத்துக்குக் கூட்டிப் போய்விட்டார்.

இந்த ஆட்டத்தில் ஒரு சலுகை உண்டு. பந்து இரண்டு முறை தரையில் குத்தி எழும்பும்வரை காத்திருந்து அடிக்கலாம். இரண்டாவது முறை கோட்டுக்கு வெளியே குத்தினாலும் பரவாயில்லை. ஆனால் கெட்டிக்கார ஆட்டக்காரர்கள் முதல் பிட்சிலேயே அடித்துவிடுவார்கள், எதிராளிக்கு மூச்சுவிட நேரம் தரக்கூடாதல்லவா? பூட்டுக்காரர் மட்டும் தலைகீழாக நின்றாலும் இரண்டாவது பிட்சைத்தான் அடிப்பார். பந்து வேகம் அடங்கி, தாழ்ந்து, கைக்கு வந்து சேரும் அந்த நொடிக்காகக் காத்திருப்பார். மச்சான் அவருக்கு 'டூ பிட்ச்' என்று பெயர் வைத்தார். அது மைதானம் முழுக்க ஒட்டிக்கொண்டது.

மச்சானின் தங்கை தினமும் அண்ணனுக்கு மாத்திரை கொண்டுவருவாள். கொண்டுவந்தவள் பூட்டுக்காரரைத்தான் கட்டிக்கொள்வேன் என்றாள். அப்பா போனபின் அவளை வளர்த்து ஆளாக்கியவர் மச்சான். குதியோ குதியென்று குதித்தார், உட்கார்ந்த இடத்திலிருந்தே.

"வீட்டுக்கு ஒரு சக்கர நாற்காலி போதாதா?"

"ஒண்ணைத் தள்ளிப் பழகிட்டேன்ணே. இன்னொண்ணு ஒண்ணும் பாரமில்ல" என்றாள் அவள்.

கல்யாணத்துக்கு வந்தார், வயிறு நிறையச் சாப்பிட்டார், கிளம்பும்போது ஒரு குண்டைத் தூக்கிப் போட்டார். "நம்ம ஊர்ப் பெரிய போட்டியில என்கூட சேர்ந்து ஒரே ஒரு மேட்ச் ஜெயிக்கட்டும். அதுவரைக்கும் என் வாயில மாப்ளேன்னு வராது." ஆறு வருஷம் சொன்ன சொல் தவறவில்லை. வீட்டில், ஆஸ்பத்திரியில், சொந்தக்காரர்கள் முன்னால், எங்கே பார்த்தாலும் "ஏ, டூ பிட்ச்"தான்.

அந்தப் பெரிய போட்டிக்கு உலகத்தின் முதல்தர ஆட்டக்காரர்கள் வருவார்கள். இரட்டையரில் எட்டே ஜோடி. அதில் ஒரு இடம் உள்ளூர் ஜோடிக்கு. மச்சான் வேறு வேறு ஆட்களோடு மூன்று முறை ஆடி, மூன்று முறையும் முதல் ஆட்டத்திலேயே பெட்டியைக் கட்டியவர். இந்த வருஷம் பூட்டுக்காரரோடு இடம் கிடைத்தது. போட்டிக்கு இரண்டு வாரத்துக்கு முன் மச்சானுக்கு வலது தோளில் வலி. படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்த டாக்டர், தசைநார் கிழிந்திருக்கிறது, அறுவை சிகிச்சைக்குப் பிறகு டென்னிஸ் மட்டையைத் தொடவே கூடாது என்றார். இந்த ஒரு போட்டிக்கு மட்டும் மச்சான் மல்லுக்கட்டி அனுமதி வாங்கினார். தோளுக்கு மேலே கையைத் தூக்கக்கூடாது என்பது நிபந்தனை.

ஆட்டத்தன்று காலை மனைவி பூட்டுக்காரரின் கையுறையை மாட்டிவிட்டாள்.

"அண்ணன் அந்த கோர்ட்டை விட்டு ஒரு தடவையாவது ஜெயிச்ச மனுஷனா வெளிய வரணும். அதை நீங்கதான் பாத்துக்கணும்."

முதல் செட்டில் ஒரு பெரிய தப்பு நடந்தது. இந்த ஜோடியிடம் டூ பிட்ச் வேலையெல்லாம் வைத்துக்கொள்ளாதே, முதல் பிட்சிலேயே அடி என்று பயிற்சியாளர் முந்தைய நாள் கண்டித்துச் சொல்லியிருந்தார். பெரியவர் பேச்சைத் தட்டக்கூடாது என்று பூட்டுக்காரரும் அவசர அவசரமாக அடித்தார். பந்து வலையில் விழுந்தது, கோட்டைத் தாண்டியது, ஒன்று நடுவர் நாற்காலியைக்கூட விசாரித்துவிட்டு வந்தது. எதிரே நெட்டையனும் தாடிக்காரனும் பழம் தின்று கொட்டை போட்டவர்கள். மச்சானின் வலது கை மேலே எழவில்லை என்பதைப் பத்தே நிமிஷத்தில் கண்டுபிடித்துவிட்டார்கள். அவர் தலைக்கு மேலாகப் பந்தைத் தூக்கித் தூக்கிப் போட்டார்கள். ஆறுக்கு ஒன்று என்று செட் போயிற்று. மச்சானின் முகம் சுண்டிப்போயிற்று. வலியா அவமானமா என்று பூட்டுக்காரரால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

இடைவேளையில் தண்ணீர் குடித்துவிட்டு அவர் சொன்னார்: "மச்சான், இனிமே உங்க தலைக்கு மேல வர்ற பந்தெல்லாம் என்னுது. நீங்க கையைத் தூக்காதீங்க, நான் பின்னாடி ஓடிவந்து எடுத்துக்கிறேன்."

"என் பக்கத்துல வர்ற பந்து என்னுது. முதல்ல உன் பக்கத்தைப் பாரு. யாரோ சொன்னாங்கன்னு ஒன் பிட்ச்ல அடிச்சுத் தொலைக்கிற. கடைக்கு வர்றவன் அவசரப்படுத்தினா பூட்டை உடைச்சிடுவியா நீ?"

அது சரியான இடத்தில் தைத்தது. இரண்டாவது செட்டில் பூட்டுக்காரர் கடையில் உட்கார்ந்திருப்பவராக மாறினார். மச்சான் முறைக்க முறைக்க, அவர் பின்னால் சக்கரத்தை உருட்டிக்கொண்டு போய், தூக்கிப்போட்ட பந்து இரண்டு முறை குத்தும்வரை பொறுத்தார். தூக்கிப்போட்ட கையோடு எதிராளிகள் வலைக்கு நெருங்கி வந்திருப்பார்கள். தாழ்ந்து வரும் பந்தை இவர் அவர்களுடைய சக்கரத்துக்கே அனுப்பினார். நாற்காலியில் பந்து பட்டால் புள்ளி நமக்கு. தாடிக்காரனின் நாற்காலியில் மூன்று முறை பட்டது. ஆறுக்கு நான்கு, இந்த செட் இவர்களுக்கு.

மூன்றாவது செட்டுக்குப் பதிலாக, முதலில் பத்துப் புள்ளி எடுப்பவருக்கு வெற்றி. இரண்டு புள்ளி வித்தியாசம் வேண்டும். உள்ளங்கை கொப்புளம் உடைந்து கையுறை ஈரமாகிவிட்டது. பூட்டுக்காரர் அதைக் கழற்றிக்கூடப் பார்க்கவில்லை. இன்றைக்கு விடுவதில்லை என்று மட்டும் மனதுக்குள் சொல்லிக்கொண்டார். ஒன்பதுக்கு எட்டு, இவர்கள் பக்கம்.

நெட்டையன் மச்சானின் வலது தோளுக்கு நேர் மேலே பந்தைத் தூக்கினான். நல்ல தூக்கல். பழக்க தோஷத்தில் மச்சானின் கை எழுந்துவிட்டது. இந்தப் பந்தை விட மனம் வராது அவருக்கு, மூன்று வருஷத் தோல்வி அந்தக் கையில் இருந்தது. அடித்தால் தோள் அங்கேயே போய்விடும். பூட்டுக்காரர் சக்கரத்தை இழுத்துப் பின்னால் பாய்ந்தபடியே அதைப் பார்த்தார், கத்த மூச்சு இல்லை.

கை பாதியில் நின்றது. கீழே இறங்கியது.

"மாப்ளே, உன்னுது!"

பந்து கோட்டுக்கு உள்ளே ஒரு முறை குத்தியது. பின்சுவரை நோக்கிப் போய், சுவருக்கு ஒரு முழம் முன்னால் இரண்டாவது முறை குத்தியது. பூட்டுக்காரர் அது தாழ்ந்து அடங்கும்வரை பொறுத்தார். பிறகு வலையை ஒட்டி, நெட்டையனுக்கும் தாடிக்காரனுக்கும் நடுவில் தட்டிவிட்டார். அவன் எடுப்பான் என்று இவனும், இவன் எடுப்பான் என்று அவனும் இருந்துவிட்டார்கள். பத்துக்கு எட்டு.

அடுத்த ஆட்டத்தில் நன்றாகவே உதை வாங்கினார்கள் என்பதை மறைப்பானேன். மச்சான் அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. கோர்ட்டில் மாப்ளே என்று கூப்பிட்டதையும் ஒப்புக்கொள்ளவில்லை. கூட்டத்தில் யாரோ கத்தினார்கள் என்று தங்கையிடம் சாதித்தார். அவள் சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள்.

அறுவை சிகிச்சை முடிந்து, கையைக் கழுத்தில் கட்டிய துணித் தூளியில் போட்டுக்கொண்டு, மச்சான் இப்போது பகலெல்லாம் பூட்டுக் கடை வாசலில் உட்கார்ந்திருக்கிறார். போன வாரம் ஒருவர் வந்து பெட்டிச் சாவி தொலைந்துவிட்டது, ரயிலுக்கு நேரமாகிறது, சீக்கிரம், சீக்கிரம் என்று பறந்தார். உள்ளே பூட்டுக்காரர் கண்ணை மூடியிருந்தார். மச்சான் நாற்காலியை வழியின் குறுக்கே நகர்த்திக்கொண்டு சொன்னார்:

"கொஞ்சம் பொறுங்க. என் மாப்ளையை அவசரப்படுத்தாதீங்க."