பெர்லினில் ஒரு சைவச் சமையல் வகுப்பு

சைவம் என்று பொய் சொல்லித்தான் எங்களை இந்த வகுப்பில் சேர்த்தீர்கள், பயண அலுவலகக்காரரே.

கிழக்கு பெர்லினில் வியட்நாமியச் சந்தைக்குள் நடக்கிறோம். வகுப்பு நடத்தும் வியட்நாமியப் பெண் கீரைகளைக் காட்டுகிறார். வல்லாரையைக் கண்டதும் அக்கா வாங்கிப் பைக்குள் வைக்கிறார். அடுத்த கிழமை மேற்கு ஜெர்மனியிலுள்ள ஊன்ட்றொப் அம்மன் கோயில் தேர்த் திருவிழாவில் பாற்செம்பு எடுக்க அவர் விரதம் இருக்கிறார். அதனால்தான் சைவ வகுப்பு கேட்டோம்.

சந்தைக்குப் பின்னாலுள்ள சமையலறையில் சூப் கொதிக்கிறது. அக்கா அரைக் கிண்ணம் குடித்த பிறகுதான் அடுப்பருகே நிற்கும் போத்தலில் மீன் படத்தைப் பார்க்கிறேன்.

"இது என்ன?" என்று ஜெர்மன் மொழியில் கேட்கிறேன்.

"மீன் சோஸ். எங்கள் பிக்குணிகளே இதைத் தொடமாட்டார்கள் என்று அலுவலகத்தில் சொன்னேன். மீன் துண்டு இல்லைத்தானே, ஊற்று என்றார்கள்," என்கிறார் அந்தப் பெண்.

அக்கா வாய் கொப்பளித்துவிட்டு வருகிறார்.

"ஒரு மாசம் காத்த விரதம் போச்சு. இனிச் செம்பு எடுக்க ஏலாதடா. வா, போவம்."

கரைத்து ஊற்றினால் மீன் சைவமாகிவிடுமா? பதிலை உங்கள் இணையத்தளத்தில், எல்லோரும் வாசிக்கப் போடுங்கள்.