வால்வெள்ளி இல்லாதவை

என் மகளின் நுரையீரல் படத்தில் வெள்ளையாக ஒரு புகைத்துளி தெரிந்தது. என்னவென்று இப்போதே சொல்ல முடியாது, மூன்று மாதம் கழித்து மறுபடி எடுப்போம், மாறாமல் அப்படியே இருந்தால் பயப்பட ஒன்றுமில்லை என்றார் டாக்டர். போன வாரம் எடுத்தோம். மாறவில்லை. ஆனாலும் என் பயம் போகவில்லை. அடுத்த அறையில் அவள் இருமினால் எழுந்து உட்கார்ந்துவிடுகிறேன். காத்திருந்த அந்த நாட்களில் எனக்குத் துணையாக இருந்தது இன்னொரு புகைத்துளியின் ஞாபகம். எழுபதுகளில், எங்கள் ஊர் நல்லேப்பிள்ளியில், அது நகர்கிறதா இல்லையா என்று பார்த்துச் சொல்லும் பொறுப்பு என்னிடம் இருந்தது.

அந்த வருஷம் தைக் கடைசியில் அத்தைக்குக் கல்யாணம் என்று நிச்சயமாகியிருந்தது. அத்தை என்பது அப்பாவின் கடைசித் தங்கை. பக்கத்துச் சித்தூர் கல்லூரியில் இயற்பியல் படித்துக்கொண்டிருந்தாள். பங்குனியில் இறுதிப் பரீட்சை. அதை எழுதிவிட்டுக் கழுத்தை நீட்டுகிறேன் என்று அப்பாவிடம் கெஞ்சிப் பார்த்தாள்.

“உப்பு சக்கர மாத்தி நிச்சயம் பண்ணியாச்சு. இனி நான் போயி எப்படி வாயத் தொறக்கறது?” என்று சொல்லிவிட்டு அப்பா வயலுக்குப் போய்விட்டார்.

மாப்பிள்ளையின் அப்பாவோ, “பரீட்ச எழுதி என்னம்மணி பண்ணப்போற? எங்க ஊட்ல நெல்லு அளக்கறதுக்கு இந்தப் படிப்பே சாஸ்திதான்” என்று அவளிடமே சிரித்துக்கொண்டு சொன்னார். அவர் கெட்டவரல்ல. அவருக்கு அது நல்ல நகைச்சுவை.

இந்த நேரத்தில்தான் பெரிய வால்வெள்ளி ஒன்று வரப்போகிறது என்று பேப்பரில் போட்டார்கள். வால்வெள்ளி தெரிகிற காலத்தில் முகூர்த்தக்கால் நடுவது எங்கள் இரு வீட்டிலும் வழக்கமில்லை. எல்லோரும் அந்திக்கு மேல் வானத்தைப் பார்க்க ஆரம்பித்தார்கள். மார்கழிக் கடைசியில், வாளையார் வழியாக சிமெண்ட் லாரி ஓட்டும் என் மாமா, அம்மாவின் தம்பி, எங்கேயோ வாங்கிய பைனாகுலரைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு வந்து சேர்ந்தார். நெல் அடிக்கும் களத்தில் நின்று அரை மணி நேரம் வானத்தைத் துழாவியவர், வடமேற்கில் பனைகளுக்கு மேலே பார்த்துக் கத்தினார்.

“மச்சான், ஓடியாங்க! சம்பந்தி ஊட்டுச் சீருக்கு முன்னால இவரு வந்து நிக்கறாரு!”

“உன் வாயில வசம்ப வெச்சுத் தேய்க்க” என்று அம்மா உள்ளேயிருந்து ஓடி வந்தாள்.

நானும் பார்த்தேன். விரலில் மாவு பட்டுக் கறுப்புத் துணியில் தடவியது போல, நீள்வட்டமாக ஒரு மங்கல். நட்சத்திரங்கள் ஊசிமுனையாக இருக்க இது மட்டும் கலங்கியிருந்தது.

“வாலக் காணமே” என்றார் அப்பா, நம்பிக்கையோடு.

“இனிமேலுதான் மொளைக்கும்” என்றார் மாமா.

விஷயம் சம்பந்தி வீட்டுக்குப் போயிற்று. ஏதாவது நட்சத்திரக் கூட்டமாக இருக்கப்போகிறது, வால்வெள்ளியானால் நாளுக்கு நாள் நகரும் என்று பேப்பர்காரன் எழுதியிருக்கிறான், பார்த்துச் சொல்லுங்கள் என்று அவர்கள் பதில் அனுப்பினார்கள். மாமா பைனாகுலரை என்னிடம் விட்டுவிட்டு லாரிக்குப் போய்விட்டார். ஒன்பது வயதுப் பெண்ணுக்கு வேறு என்ன வேண்டும்?

எப்படிப் பார்ப்பது என்று சொல்லிக்கொடுத்தது அத்தைதான். “தெனமும் ரேடியோல நியூஸ் முடிஞ்ச ஒடனே பாரு கண்ணு. ஒரே எடத்துல நில்லு. அந்த நெட்டப் பனையிலிருந்து எவ்வளவு தூரம்னு மட்டும் பாத்துக்க.”

அப்போது அவள் மடியில் கல்லூரி நூலகப் புத்தகம் ஒன்று திறந்திருந்தது. பக்கம் முழுக்க எண் போட்ட படங்கள். எல்லாம் கலங்கலாக, சிலது சுழித்துக்கொண்டு.

“இதெல்லாம் வால்வெள்ளிங்களா அத்தே?”

“இல்ல கண்ணு. இதெல்லாம் வால்வெள்ளி இல்லாதது.”

இல்லாததை எல்லாம் எண் போட்டு எழுதிவைத்தது எந்தப் பைத்தியம் என்று நான் கேட்பதற்குள் புத்தகத்தை மூடிவிட்டாள்.

சொன்னபடி பார்த்தேன். முதலில் பனையின் தலைக்கு மிக உயரத்தில் இருந்தது. நாளாக நாளாக இறங்கியது. தை பாதியாகும்போது ஓலையைத் தொட வந்துவிட்டது. அதைச் சுற்றியிருந்த நட்சத்திரங்களும் அதனோடு சேர்ந்து இறங்கினவா என்று பார்க்க எனக்குத் தோன்றவில்லை. பார்க்கச் சொல்லி யாரும் சொல்லவுமில்லை.

ஒரு சாயங்காலம் மாப்பிள்ளையின் அப்பாவே வந்தார். பைனாகுலரில் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

“ஏங்கண்ணு, நீதான் தெனமும் பாக்கறயாமா. நகருதா?”

அப்பா என்னையே பார்த்தார். இல்லை என்று நான் சொல்ல வேண்டும் என்பது அவர் முகத்தில் எழுதியிருந்தது. காப்பி டம்ளருடன் வாசற்படியில் நின்ற அத்தை என்னைப் பார்க்கவே இல்லை.

“நகருதுங்க. மொதல்ல மேல இருந்துச்சு. இப்ப பனைகிட்ட வந்துருச்சு.”

பெரியவர் நீளமாக மூச்சு விட்டார். “கொழந்த பொய் சொல்லுமாங்க? வைகாசில வெச்சுக்கலாம்” என்று எழுந்தார்.

பல வருஷங்கள் கழித்து, என் மகளின் பாடப்புத்தகத்தில் அந்தச் சுழிப்படத்தைப் பார்த்துத்தான் விவரம் தெரிந்துகொண்டேன். இருநூறு வருஷத்துக்கு முன் பிரான்சில் வால்வெள்ளி தேடித் திரிந்த ஒருவர், நகராத புகைத்துளிகளைக் கண்டு திரும்பத் திரும்ப ஏமாந்து, இனி யாரும் ஏமாறக்கூடாதென்று அவற்றுக்கு எண் போட்டு வைத்த பட்டியல் அது. எங்கள் பனைக்கு மேலே நின்றது அதில் முப்பத்தொன்று. கோடானுகோடிச் சூரியன்கள் கொண்ட இன்னொரு நட்சத்திர மண்டலம். ஒவ்வொரு நாளும் அதே நேரத்தில் பார்த்தால் வானமே கொஞ்சம் கொஞ்சமாக மேற்கே சரிந்திருக்கும் என்பது, இயற்பியல் படித்தவளுக்குத் தெரியாமலா இருந்திருக்கும்?

அன்றைக்கு எனக்கு அதொன்றும் தெரியாது. பெரியவர் போனபின் அத்தையைத் தேடினேன். வைக்கோல்போருக்குப் பின்னால் முகத்தை முந்தானையில் பொத்திக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தாள். என்னால்தான் கல்யாணம் தள்ளிப்போனது என்று நினைத்து, பக்கத்தில் போய் அவள் தோளைத் தொட்டேன்.

“அழுவாதீங்க அத்தே. அது சீக்கிரமாப் போயிரும்.”

“போகாது கண்ணு. அது எங்கயும் போகாது” என்றாள், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

எனக்குப் பயமாகிவிட்டது. மறுநாள் காலையிலேயே குளத்துமேட்டுப் பிள்ளையாரிடம் போய், அதை எப்படியாவது வைகாசிக்குள் எடுத்துவிடும்படி வேண்டிக்கொண்டேன். பிள்ளையார் கைவிடவில்லை. மாசி முடிவதற்குள் அது பனைகளுக்குப் பின்னால் இறங்கிக் காணாமல் போய்விட்டது.

கடைசிப் பரீட்சையை எழுதிவிட்டு பஸ்ஸிலிருந்து இறங்கிய அத்தையிடம், நான்தான் வேண்டி அதை அனுப்பிவைத்தேன் என்று பெருமையாகச் சொன்னேன். நடுரோட்டிலேயே என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, மூச்சு முட்டும்வரை சிரித்தாள். கல்யாணம் நடக்கப்போகிற சந்தோஷம் என்று நினைத்துக்கொண்டேன்.