தலைவருக்குப் போட்ட ஏழு நாள் திட்டம்

மிசாவோ ஃபுருஹாதா இருபத்திரண்டு வருஷமாக ஒரு மனுஷன்மேல் கறுவிக்கொண்டிருந்தாள். அவ்வப்போது நினைத்துப் பொருமுகிற கோபம் இல்லை அது. காலையில் பல் தேய்க்கும்போது அவள்கூடவே எழுந்து, ராத்திரி அவள்கூடவே படுக்கிற கோபம். மறந்துவிடு, மறந்துவிடு என்று ஊரில் நாலு பேர் சொன்னார்கள். சொல்கிறவர்களுக்கு என்ன, வாய் வலிக்கவா போகிறது?

கிசோ பள்ளத்தாக்கில் ரயில் நிலையத்தை ஒட்டின அலுவலகத்தில் அவளுக்கு வேலை. பழைய நகசென்தோ சாலையில் நடக்க வருகிறவர்களுக்குத் திட்டம் போட்டுக் கொடுப்பாள். எந்தக் கணவாயை எந்த நாள் ஏறுவது, எந்த விடுதியில் தங்குவது, மூட்டையை எந்த வண்டியில் முன்னால் அனுப்புவது, கரடியை விரட்ட மணி எங்கே வாங்குவது, எல்லாம் அவளுக்கு அத்துப்படி. அவள் போட்ட திட்டத்தில் நடந்து கால் நோகிறது என்று திரும்பி வந்தவர் கிடையாது.

அந்த மனுஷன் அக்டோபர் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு அவள் மேஜைக்கு முன்னால் வந்து நின்றார். பெயர் எய்சாகு தெஷிரோகி. பழஞ்சாலை விடுதிக்காரர்கள் சங்கத்துக்கு முப்பது வருஷமாகத் தலைவர்.

"மிசாவோ, ஏழு நாள் நடைக்கு ஒரு திட்டம் போட்டுக் குடும்மா. நகட்சுகாவாவுல ஆரம்பிச்சு வடக்கே போகணும்."

"யாருக்கு, தலைவரே?"

"எனக்குத்தான். இந்தச் சாலையப் பத்தி மேடை மேடையாப் பேசியிருக்கேன், முழுசா ஒரு தடவை நடந்ததில்ல. வெக்கமா இருக்கு. தலைவர் பதவிய விட்டு இறங்கறேன்ல, ஏழாவது நாள் சாயங்காலம் நம்ம சங்கத்து இசுமியோட விடுதியில எனக்குப் பிரிவு விருந்து வச்சிருக்காங்க. அதுக்கு நடந்தே வந்து நிக்கணும்னு ஆசை."

"முட்டி தாங்குமா?"

"எழுபத்தி நாலுதானே ஆவுது?" என்று சிரித்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "பழசையெல்லாம் நீ மனசுல வச்சிக்கிற ஆள் இல்லன்னு எனக்குத் தெரியும். அதான் நேரா உங்கிட்டயே வந்தேன்" என்றார்.

அடப் பாவி மனுஷா! மிசாவோ கோபத்தை முகத்தில் காட்டிக்கொள்ளவில்லை. காகிதத்தை எடுத்தாள், பென்சிலைச் சீவினாள்.

பழசு என்று அவர் சொன்னது இதுதான். அப்போது மிசாவோவும் அவள் புருஷன் யசுஜியும் ஆறு அறை வைத்த ஒரு விடுதி நடத்தினார்கள். சமையல் யசுஜி. கைக்குத் தங்கக் காப்பு போடலாம், அப்படிச் சமைப்பான். காட்டுக் காளான் என்றால், தானே பறித்ததாக இருந்தாலும் ஒவ்வொன்றையும் தண்டில் கிழித்துப் பார்ப்பான். உள்ளே கருப்புக் கறை இருந்தால் விஷம். அந்த வருஷம் இலையுதிர்காலத்தில் எய்சாகு ஒரு கூடை நிறையக் காளான் கொண்டுவந்து வாசலில் கொடுத்தார். "மேல் காட்டுல பறிச்சேன், விருந்தாளிங்களுக்குப் போடு" என்றார். எங்கள் பக்கத்தில் பெரியவர் வாசல் தேடி வந்து கொடுத்ததை இரண்டு கையாலும் வாங்க வேண்டும். வாங்கியபின் கிழித்துப் பார்ப்பது, உன் கண்ணை நான் நம்பவில்லை என்று அவர் முகத்தில் துப்புகிற மாதிரி. யசுஜி கிழிக்கவில்லை. அப்படியே சட்டியில் போட்டான்.

ராத்திரி ஒன்பது பேர் வாந்தி எடுத்துச் சுருண்டார்கள். நல்லவேளை, யாரும் சாகவில்லை. மறுநாள் அதிகாரிகள் வந்து காளான் எங்கிருந்து வந்தது என்று கேட்டபோது யசுஜி பக்கத்தில் நின்ற தலைவரைப் பார்த்தான். தலைவர், "எனக்கு என்ன தெரியும்? எங்க போய்ப் பறிச்சானோ!" என்றார். வெளியாட்கள் முன்னால் தலைவரைப் பொய்யன் என்று சொல்ல யசுஜிக்கு நாக்கு எழவில்லை. மிசாவோ அந்த நேரம் விருந்தாளிகளோடு ஆஸ்பத்திரியில் இருந்தாள். இருந்திருந்தால் கதையே வேறு. விஷயம் தெரிந்து அவள் சண்டைக்குக் கிளம்பியபோது யசுஜி சட்டைக் கையைப் பிடித்து நிறுத்திவிட்டான். சாட்சி இல்லை, விடு என்றான்.

விடுதியை மூடினார்கள். யசுஜி மரவாடிக்கு வேலைக்குப் போனான். அதற்குப் பிறகு ஒரு வெங்காயம்கூட நறுக்கவில்லை. நாலாவது வருஷம் செத்துப் போனான். சாவுக்கு வந்த எய்சாகு ஊதுவத்தி ஏற்றிவிட்டுப் பக்கத்திலிருந்தவரிடம், "தங்கமான மனுஷன், கொஞ்சம் கவனக்குறைவு, அவ்வளவுதான்" என்றார். அந்தக் கவனக்குறைவு யசுஜியின் பெயரோடு அப்படியே ஒட்டிக்கொண்டது. எமகாதகன், செத்தவனுக்குப் போகிற வழியில் பட்டமும் கட்டி அனுப்பினான். மிசாவோவுக்கு விடுதி போனது பெரிதில்லை. அந்தப் பட்டத்தைக் கிழித்துப் போட வேண்டும், அதுவும் ஒட்டினவர் கையாலேயே.

திட்டத்தை அவள் நேர்மையாகத்தான் போட்டாள். முதல் நாள் குறைவான தூரம், மூன்றாம் நாள் அரை நாள் ஓய்வு, செங்குத்தான இறக்கத்துக்குப் பதில் ஆற்றோரப் பாதை. தொழிலில் கள்ளம் பண்ண அவளுக்கு வராது. விடுதிகளுக்கு அனுப்புகிற தாளில் சாப்பாட்டுக் குறிப்புக்கென்று ஒரு கட்டம் உண்டு. முட்டை ஆகாது என்று எழுதினால் அந்த விருந்தாளி கண்ணில் முட்டை ஓடுகூடப் படாது. அந்தக் கட்டத்தை மீறுவது விடுதிக்காரர்களுக்கு மானக்கேடு. அதில் மிசாவோ குண்டு குண்டாக எழுதினாள்:

"விருந்தாளிக்குக் காட்டுக் காளான் என்றால் உயிர். ஆனால் பயமும் உண்டு. சமைப்பதற்கு முன் கூடையை அவர் எதிரில் வைத்து, ஒவ்வொன்றையும் தண்டில் கிழித்து, கருப்பு இல்லை என்று காட்டவும். வேண்டாம் என்பார். அது கூச்சம். விட வேண்டாம்."

ஏழு விடுதிக்கும் ஃபேக்ஸ் போனது.

விருந்தாளியை வழியனுப்பியதும் விடுதிக்காரர் காலையில் அலுவலகத்துக்குப் போன் செய்து சொல்வது வழக்கம். முதல் நாள் விடுதியிலிருந்து, நன்றாகச் சாப்பிட்டார், கிளம்பிவிட்டார் என்று செய்தி வந்தது. இரண்டாவதிலிருந்து, கொஞ்சமாகச் சாப்பிட்டார் என்று வந்தது. மூன்றாவது விடுதிக்காரி கயோகோ வாயாடி. அவள் போனில் மூச்சு விடாமல் பேசினாள்.

"அக்கா, கையப் பிடிச்சிட்டாருக்கா! போதும்மா, நான் நம்புறேன்னாரு. கூச்சப்படுவாருன்னு நீங்க எழுதியிருந்தீங்களே, நான் விடுவேனா? இருபத்தி மூணையும் கிழிச்சுக் காட்டிட்டுத்தான் எந்திரிச்சேன்."

மிசாவோ வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். எத்தனை வருஷத்துக்கு அப்புறம் வந்த சிரிப்பு!

"தைரியமும் சொன்னேங்க்கா. தலைவரே, பயப்படாம சாப்பிடுங்க, அந்தக் காலத்து யசுஜி அண்ணன் மாதிரி நாங்க கவனக்குறைவா செய்ய மாட்டோம்னு."

சிரிப்பு அப்படியே நின்றது. கயோகோ நல்ல பெண், யசுஜியைக் கண்ணால் பார்த்தவள்கூட இல்லை. அவள் வாயிலும் அந்தச் சொல்தான் இருக்கிறது. "அதுக்கு அவரு என்ன சொன்னாரு?" என்று மெல்லக் கேட்டாள்.

"தலையைக் குனிஞ்சிட்டாரு."

மிசாவோ போனை வைத்தாள். இன்னும் நாலு நாள் இருக்கிறது, நட, நல்லா நட என்று ஜன்னலுக்கு வெளியே தெரிந்த மலையைப் பார்த்துச் சொன்னாள்.

நாலாவது விடுதியில் அவர் சோற்றைத் தொடவே இல்லையாம். ஐந்தாம் நாள் சாயங்காலம் நாலு மணிக்கு, மலைப்பாதையில் இருக்க வேண்டிய ஆள் ரயிலிலிருந்து இறங்கி அலுவலகத்துக்குள் வந்தார். கால்சட்டை முட்டிவரை சேறு. நாலு நாளில் ஆள் பாதியாகியிருந்தார்.

"அந்தக் கூடைய நான்தான் கொண்டாந்தேன்" என்றார்.

"தெரியும்."

"நானும் கிழிச்சுப் பாக்கல. பாத்த மாதிரி குடுத்துட்டேன்."

"தெரியும்."

"அதிகாரிங்களப் பாத்ததும் பயந்துட்டேன் மிசாவோ. சங்கத்தோட பேரு கெட்டுடுமேன்னு..."

"உங்க பேருன்னு சொல்லுங்க."

எய்சாகு சிமெண்டுத் தரையில் மண்டி போட்டார், நெற்றி தரையில் பட்டது. "மன்னிச்சுடு. அந்தக் குறிப்ப மட்டும் எடுத்துடு. இன்னொரு கூடைய என்னால பாக்க முடியாது."

எத்தனை வருஷம் கனவு கண்ட காட்சி! ஆனால் மிசாவோவுக்குத் தித்திக்கவில்லை. இன்னும் எரிந்தது.

"எனக்குத் தெரிஞ்ச கதைய எனக்கே சொல்லத்தான் ரயில் ஏறி வந்தீங்களா? நாலு சுவத்துக்குள்ள அழுதுட்டுப் போனா யசுஜிக்கு என்ன ஆச்சு? தெரியாதவங்ககிட்டப் போய்ச் சொல்லுங்க. எந்திரிங்க."

"மிசாவோ..."

"நாலு இருபதுக்கு வடக்கே வண்டி இருக்கு. ஆறு மணிக்கு அஞ்சாவது விடுதியில சாப்பாடு. அடுப்பு மூட்டிட்டு உக்காந்திருப்பாங்க. சொல்லாம கொள்ளாம வராம போறது எவ்வளவு அசிங்கம்னு முப்பது வருஷமா நீங்கதானே பாடம் எடுத்தீங்க? குறிப்ப எடுக்க மாட்டேன். போங்க."

அவர் போனார். ஐந்தாவதிலும் கிழித்தார்கள், ஆறாவதிலும் கிழித்தார்கள்.

ஏழாம் நாள் சாயங்காலம் மிசாவோ அலுவலகத்தைப் பூட்டாமல் போனைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அந்த ஆள் இன்றைக்கும் மழுப்பிவிட்டால்? சங்கத்துக்காரர்களும் மாலையைக் கையில் கொடுத்துக் கைதட்டி அனுப்பிவிட்டால்? அதற்குப் பிறகு யார் சொல்லப் போகிறார்கள்? யசுஜி கடைசிவரை கவனக்குறைவான ஆளாகவே கிடக்க வேண்டியதுதான்.

ஏழரைக்குப் போன் அடித்தது. இசுமிதான். குரல் உடைந்திருந்தது.

"அக்கா, நாப்பது பேர் உக்காந்திருந்தாங்க. நீங்க எழுதின மாதிரி கூடைய எடுத்துட்டுப் போய் அவரு முன்னால வச்சேன். நான் தொடறதுக்கு முன்னாடி அவரே ஒண்ண எடுத்துக் கிழிச்சாரு. எந்திரிச்சு நின்னு எல்லாத்தையும் சொல்லிட்டாருக்கா. யசுஜி கவனக்குறைவான ஆள் இல்ல, என்னை நம்பினான், அதுதான் அவன் செஞ்ச ஒரே தப்பு, மிச்சமெல்லாம் என் பொய்னு சொன்னாரு."

மிசாவோவுக்குக் கண்ணீர் மூக்கு வழியாகவும் வந்தது.

"எல்லாரும் எந்திரிச்சு யசுஜி அண்ணன் பேருக்குத் தலை குனிஞ்சாங்க. கயோகோ அழுதுட்டே இருக்கா. விருந்து அப்படியே கிடக்கு, அவரு பக்கத்துல ஒருத்தரும் போய் உக்காரல." இசுமி கொஞ்சம் தயங்கினாள். "காலையில உங்க வீட்டுக்கு வந்து யசுஜி அண்ணன் படத்துக்கு முன்னால மன்னிப்புக் கேக்கணுமாம். எந்த வண்டிக்கு வரலாம்னு உங்ககிட்டக் கேக்கச் சொன்னாரு."

மிசாவோ முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"ஏழு நாளுக்குத்தான் நான் திட்டம் போட்டுக் குடுத்தேன்னு சொல்லு" என்றாள். "எட்டாவது நாள் அவரு பாடு."