அண்ணன் எடுத்த எங்கள் ஊர்

அண்ணன் போய் வருடம் ஒன்று ஆகிறது. நினைவு மலர் அச்சடித்துப் போட வேண்டும் என்றார்கள். அவருக்கு அடுத்துப் பிறந்தவன் நான்தான். எழுதிப் பழக்கம் இல்லை. நடந்ததை எழுதுகிறேன்.

அண்ணன் பிறந்தது திருச்சுழி பக்கம் இந்த ஊரில்தான். நாங்கள் சிறு பிள்ளைகளாக இருக்கும்போதே அப்பா தவறிவிட்டார். அப்பாவின் தம்பி, எங்கள் சித்தப்பா, தன் பிள்ளைகளோடு எங்களையும் வளர்த்தார். அண்ணன் அருப்புக்கோட்டையில் ஒரு ஸ்டுடியோவில் கல்யாண வீட்டுப் போட்டோ எடுக்கப் பழகினார். பிறகு சென்னை. லைட் தூக்கினார், கேமராமேன்களுக்கு உதவியாளராக நின்றார், கடைசியில் தானே கேமராமேன் ஆனார். சாமி படம், பேய்ப் படம், சிரிப்புப் படம், மழையில் ஆடும் பாட்டு, எதைக் கொடுத்தாலும் எடுப்பார்.

பிறகு எங்கள் ஊரிலேயே ஒரு படம் எடுக்க வந்தார். அந்த வருடம் நல்ல மழை. கம்பும் சோளமும் பச்சையாக நின்றன. நம்ம பையன் வருகிறான் என்று ஊரே வீடுகளுக்கு வெள்ளையடித்தது. டைரக்டருக்கு வேண்டியது வறண்ட ஊர். கண்மாயின் கறுப்புக் கரம்பை மண்ணைக் கரைத்துச் சுவர்களில் ஊற்றச் சொன்னார் அண்ணன். முதலில் எங்கள் வீட்டில்.

அம்மா தடுத்தார்.

"ஏன்டா, நீ வாரேன்னுதான வெள்ளையடிச்சேன்."

"பஞ்சம் புடிச்ச ஊரு மாதிரி இருக்கணுமாம்மா."

"இந்த வருசந்தான் பஞ்சம் இல்லையேடா."

அண்ணன் ஆட்களுக்குக் கை காட்டினார். ஊற்றினார்கள்.

படம் ஓடியது. வேன் பிடித்து அருப்புக்கோட்டை போய் எல்லோரும் பார்த்தோம். நிறத்தையே மாற்றியிருந்தார், பச்சை துளி இல்லை. ஊரே சாம்பல் நிறத்தில், அரிவாளும் கையுமாக. வெளியே வந்ததும் சித்தப்பா கேட்டார்.

"இவன் நம்ம ஊர எடுத்தானா, சுடுகாட்ட எடுத்தானா?"

"சுடுகாட்டுல வேப்பமரமாச்சும் பச்சையா நிக்கும் மாமா" என்றார் பக்கத்தில் வந்தவர்.

மறு வருடம் சித்தப்பா மகனுக்குக் காரியாபட்டியில் பெண் கேட்டுப் போனோம். பெண்ணின் தாயார் காப்பி கொடுத்துவிட்டுச் சொன்னார்.

"ஒங்க ஊரப் படத்துல பாத்தோம். எங்க புள்ளைய அங்க அனுப்ப மனசு வரல. தப்பா நெனைக்காதீக."

மற்ற இடங்களும் அப்படியே தட்டிப்போயின. அந்தப் பிள்ளை இன்னும் தனியாகத்தான் இருக்கிறான். சித்தப்பா அண்ணனிடம் பேச்சை நிறுத்தினார். அம்மா இறந்தபோதுகூட ஒரே பந்தலில் இருவரும் முகம் பார்க்கவில்லை.

அண்ணனுக்கும் அந்தப் படம் நல்லது செய்யவில்லை. பெயர் கிடைத்தது. அதன்பின் புழுதி, வெட்டுக்குத்து என்றால்தான் கூப்பிட்டார்கள். பிறகு அதற்கும் இல்லை. சிறுநீரகம் கெட்டு என் வீட்டுக்கு வந்து சேர்ந்தார்.

"சித்தப்பாவ ஒருதரம் வரச் சொல்லுடா" என்றார்.

போய்ச் சொன்னேன். சித்தப்பா மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார்.

"வந்து? இப்ப என்ன படம் எடுக்கப் போறானாம்?"

"சாகக் கெடக்குறாரு சித்தப்பா."

"போ, வாரேன்."

வரவில்லை. அண்ணன் வாசலைப் பார்த்தபடியே போய்ச் சேர்ந்தார்.

அண்ணன் செய்தது தப்பு. அவரிடமே சொல்லியிருக்கிறேன். அதற்காக, நாலு வீடு தள்ளி இருந்துகொண்டு வராமல் இருப்பதா?

அந்தப் படத்துக் கோபம் ஊருக்கும் போகவில்லை, பாடை தூக்க ஆள் சேரவில்லை. சென்னையிலிருந்து வந்த லைட்மேன் தம்பிகள் தோள் கொடுத்தார்கள். அவர்களுக்கு நன்றி. டயாலிசிஸுக்குத் தன் காரில் கூட்டிப்போன வீரசோழன் ஊர் பாய்க்கு நன்றி. அண்ணனைத் துடைத்துச் சுத்தம் செய்த என் மனைவிக்கும் நன்றி.

வராதவர்கள் மீது வருத்தம் இல்லை என்று கடைசியில் போடச் சொன்னார்கள். போட முடியாது. வருத்தம் இருக்கிறது. சித்தப்பா வீட்டிலும் இந்த மலரைக் கொடுக்கச் சொல்லியிருக்கிறேன்.