அந்த இலைக்குக் கூப்பிட்டவன்

யாராவது என்னை மேடையில் உட்கார வைத்து, மாலை போட்டு, "இவர் லண்டனில் முறையாக நாடகம் படித்தவர்" என்று மைக்கில் ஆரம்பித்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். படித்தேன், சரி. படித்ததை முதன்முதலில் யார் தலையில் இறக்கிப் பார்த்தேன் என்று எவனாவது கேட்கிறானா? மாட்டான். சினிமா வேலை எப்படிக் கிடைத்தது என்றுதான் கேட்பான். "மலாக்காவில் ஒரு நாடகம் போட்டேன், சிங்கப்பூர்க்காரர் ஒருவர் பார்த்தார்" என்று சொல்லிவிட்டு நான் தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டிருப்பேன்.

நாங்கள் இருந்தது மலாக்காவில், காஜா பெராங்கில். அப்பா நகராட்சி ஆபீசில் கிராணி, குமாஸ்தா வேலை. எங்கள் வீட்டிலிருந்து கம்போங் செட்டி என்கிற கம்பத்துக் குடியிருப்புக்கு நடந்தே போய்விடலாம். அங்கே இருப்பவர்கள் எத்தனையோ தலைமுறைக்கு முன்னால் வந்து தங்கிவிட்ட தமிழர்களின் வாரிசுகள், அவர்களுக்கும் கோவில், திருநீறு, பொங்கல் எல்லாம் உண்டு. தமிழ்தான் வராது. வீட்டில் பேசுவது ஒரு மாதிரி மலாய், நடுநடுவே நம் சொல் ஒன்றிரண்டு தலைகாட்டும். ஆங்கிலப் பள்ளியில் என் பக்கத்தில் உட்கார்ந்து படித்த நண்பன் அந்தக் கம்பத்துக்காரன். அவனோடும் அவன் அம்மாவோடும் நான் பேசியதெல்லாம் மலாயில்தான். இங்கே தமிழில் எழுதுகிறேன்.

ஜப்பான்காரன் காலத்தில் அவனுடைய அப்பாவை சயாமில் ரயில் பாதை போடப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். காலையில் தெங்கேராவுக்கு மீன் வாங்கப் போன மனிதர். மீனும் வரவில்லை, அவரும் வரவில்லை. போர் முடிந்த பிறகு, போனவர்களில் சிலர் எலும்பும் தோலுமாகத் திரும்பினார்கள். ஒருவர் "காய்ச்சலோடு படுத்திருந்தார், பார்த்தேன்" என்றார். இன்னொருவர் "அது வேற ஆளு" என்றார். செத்ததைக் கண்ணால் பார்த்தேன் என்று சொல்ல ஒருவரும் இல்லை.

அவன் அம்மா அதைப் பிடித்துக்கொண்டுவிட்டார். நெற்றியில் பொட்டு, கொண்டையில் பூ, கபாயாச் சட்டைக்கு மேலே தெரிகிற மாதிரி தாலி. "எப்ப வருவாருன்னு யாருக்குத் தெரியும், வர்ற நேரத்துல நான் மூளியா நிக்கணுமா?" என்பார். யாரும் எதிர்த்துப் பேசமாட்டார்கள். நான் அவரை மாக்சிக் என்று கூப்பிடுவேன். அத்தை என்கிற மாதிரிதான் அது. பள்ளிக்கூட நாள்களில் என் பாதிச் சாப்பாடு அவர் கையால் போட்டது.

அந்தக் கம்பத்துக்காரர்களிடம் பார்ச்சு என்று ஒரு வழக்கம் உண்டு. பொங்கலுக்கு முதல் நாள், வீட்டில் இறந்துபோனவர்களுக்கு வாழையிலை போட்டுச் சமைத்து வைப்பார்கள். இலையில் அவரவருக்குப் பிடித்தது இருக்க வேண்டும். சுருட்டுப் பிடித்தவருக்குச் சுருட்டுகூட வைப்பார்கள். பிறகு பெயர் சொல்லிக் கூப்பிட்டு, எல்லாரும் வெளியே வந்து, என் நண்பன் வீட்டில் கதவையும் சாத்திவிடுவார்கள். அவர்கள் வந்து சாப்பிட்டுப் போகட்டும் என்று. என் நண்பனின் தாத்தாவுக்கு இலை உண்டு. சின்ன வயதில் போன ஓர் அத்தைக்குக்கூட உண்டு. அப்பாவுக்குக் கிடையாது. இலை போட்டால் அவர் செத்தவர் கணக்கில் சேர்ந்துவிடுவார் அல்லவா?

நான் லண்டனிலிருந்து திரும்பியது சுதந்திரத்துக்குக் கொஞ்சம் முன்னால். தலைக்கனம் என்றால் அப்படியொரு தலைக்கனம். "கூத்து போடறதுக்கு எதுக்குடா கப்பல் ஏறிப் போன? தோட்டத்துல தீமிதிக்கு வருஷா வருஷம் போட்டுக்கிட்டுத்தானே இருக்கானுங்க" என்று அப்பா கேட்டார். அவருக்கு என்ன தெரியும் என்று நான் பதில்கூடச் சொல்லவில்லை. மெர்டேக்கா என்கிற அந்தச் சுதந்திரக் கொண்டாட்டத்துக்கு ஊர்த் தமிழர்கள் ஒரு நாடகம் கேட்டபோது, காட்டுகிறேன் பார் என்று உட்கார்ந்து நானே எழுதினேன். போர்க்காலத்தில் அப்பாவை இழந்த ஒரு மகன். ஊரெல்லாம் கொடியேற்றிக் கொண்டாடுகிற அன்று, அவன் வீட்டுக்குள் தனியாக அப்பாவுக்குப் படையல் போடுகிறான். அதுதான் கடைசிக் காட்சி.

மகன் வேஷத்துக்கு வந்தவனெல்லாம் கத்தினான். வசனத்தைக் காதில் ஊற்றினால்தான் நடிப்பு என்று அவர்களுக்கு நினைப்பு. என் நண்பன் ஒத்திகை பார்க்க வந்து ஓரமாக நின்றான். சும்மா நின்றதற்கே கண் அவன் பக்கம்தான் போயிற்று. நீயே நடி என்றேன். "எனக்குத் தமிழ் வராதே" என்றான். ரூமியில், அந்த ஆங்கில எழுத்தில், எழுதித் தருகிறேன், மனப்பாடம் பண்ணு என்றேன். ஏற்பாடு செய்த பெரியவர் ஒருவர் தலையில் அடித்துக்கொண்டார். "தமிழ் தெரியாதவன் தமிழ் நாடகத்துக்கு ஹீரோவா? வெளங்குனாப்லதான் லா."

மற்றக் காட்சிகளில் அவனுக்கு வசனம் குறைவு, தேறிவிட்டான். கடைசிக் காட்சிதான் படுத்தியது. "அப்பா, வாருங்கள், சாப்பிடுங்கள்" என்பதை பஸ் ஸ்டேசனில் ஊர் பெயர் கூவுகிற மாதிரி சொன்னான். எத்தனை முறை சொன்னாலும் அதே. எனக்குக் கோபம். மற்றவர்களைத் தண்ணி குடிக்க அனுப்பிவிட்டு அவனை எதிரில் உட்கார வைத்தேன். நடிகனுடைய சொந்தத் துக்கத்தைத் தோண்டி வெளியே எடு, அதை வைத்து நடிக்கச் சொல் என்றுதான் எனக்குக் கப்பலேறிப் போன இடத்தில் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். தோண்டினேன்.

அவன் சொன்னான்: "எங்கப்பாவுக்கு இலை இல்ல. அவர் செத்துட்டாருன்னு எனக்கு எப்பவோ தெரிஞ்சுபோச்சு. அம்மாகிட்ட சொல்ல முடியுமா? பார்ச்சு அன்னிக்கு மத்தவங்க எல்லாம் உள்ள வந்து சாப்பிடுறாங்க, அவர் மட்டும் பசியோட வெளிய நிக்கிற மாதிரி இருக்கும் எனக்கு."

இதைக் கேட்டவன் என்ன செய்திருக்க வேண்டும்? வாடா என்று தோளைப் பிடித்து வீட்டுக்குக் கூட்டிப் போயிருக்க வேண்டும். நான் துள்ளிக் குதித்தேன். "அதான்! அதையே போடு! தமிழ் வேணாம், உன் வீட்டுப் பாஷையில கூப்பிடு. கதையில வர்ற அப்பாவ விடு, உங்கப்பாவக் கூப்பிடு!"

"அம்மா பார்க்க வருவாங்களே" என்றான்.

"நாடகம்தானே லா" என்றேன்.

மாக்சிக்கைப் பற்றி நான் நினைக்கவே இல்லை என்று இங்கே எழுதிவிடலாம், யார் கேட்கப் போகிறார்கள்? ஆனால் நினைத்தேன். தமிழில் இருந்தவரை அவருக்கு ஒன்றும் விளங்கப்போவதில்லை, மலாயில் மாற்றினால் விளங்கிவிடும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். அதற்குள் அவன் எழுந்து அந்த வரியைச் சொன்னான். தண்ணி குடித்துவிட்டுத் திரும்பியவர்கள் வாசலிலேயே நின்றுவிட்டார்கள். ஒருவர் துண்டால் கண்ணைத் துடைத்தார். அவ்வளவுதான், எனக்கு மற்றதெல்லாம் மறந்துபோயிற்று.

நாடகத்தன்று மாக்சிக்கை முன்வரிசையில் உட்கார வைத்ததும் நானேதான். பட்டுக் கபாயா, கொண்டை நிறையப் பூ. ஒரு வார்த்தை விளங்காமல், மகன் மேடைக்கு வருகிறபோதெல்லாம் சிரித்துக்கொண்டு, பக்கத்தில் இருந்தவர்களிடம் "என் மகன்" என்று சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கடைசிக் காட்சி வந்தது. அவன் இலையைப் போட்டான், சோற்றை வைத்தான், மீனை வைத்தான். நிமிர்ந்து பார்த்துத் தன் அப்பாவின் பெயரைச் சொன்னான். பிறகு, "பாக்... மாரி மாக்கான்" என்றான். அப்பா, வாங்க, சாப்பிடுங்க. அன்று முழுவதும் மாக்சிக்குக்கு விளங்கியது அந்த ஒரு வரிதான்.

அவர் எழுந்தார். "பெலும்!" என்றார். இன்னும் இல்லை. மேடை விளிம்புவரை வந்து அதைக் கையால் அடித்தார். "பெலும் மாத்தி! டியா பெலும் மாத்தி!" சாகலை, அவர் இன்னும் சாகலை.

நான் திரையை இழுக்கச் சொன்னேன். மண்டபமே எழுந்து நின்று கை தட்டியது. விசில் அடித்தார்கள், அழுதார்கள். அதுவும் நாடகத்தில் சேர்த்தி என்று நினைத்துவிட்டார்கள், பாவிகள்.

சிங்கப்பூரில் மலாய்ப் படம் எடுக்கிற கம்பெனியிலிருந்து ஒரு தமிழர் வந்திருந்தார். உள்ளே ஓடி வந்து என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "ஒரு மலாய் வரியில சபையையே கட்டிப்போட்டுட்டியே! அந்தம்மாவ சனத்தோட சனமா உட்கார வெச்சே பாரு, பிரமாதம்! இதை எங்கய்யா கத்துக்கிட்டே?"

"லண்டன்ல" என்றேன்.

அந்த ஒரு வார்த்தையில்தான் எனக்கு வேலை கிடைத்தது. அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே பக்கக் கதவு வழியாக அவர்கள் இரண்டு பேரும் போவது தெரிந்தது. அவன் வேஷத்தைக்கூடக் கலைக்கவில்லை. நான் ஓடிப் போகவில்லை, அவர் சம்பளம் பேசிக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலையில் போனேன். திட்டுவார், விளக்குமாற்றை எடுப்பார் என்று நினைத்துத்தான் போனேன். மாக்சிக் கோப்பி கலக்கிக் கொடுத்தார். முகம் வீங்கியிருந்தது. எதிரில் உட்கார்ந்து கேட்டார்:

"நீ பெரிய படிப்பு படிச்சவன். எனக்கு ஒண்ணு சொல்லு. அந்த இலைக்குப் பேர் சொல்லிக் கூப்பிட்டா வந்துதானே ஆகணும்? உயிரோட இருக்கிற மனுஷன் அந்த இலைக்கு எப்படி வருவாரு?"

அவர் என்ன கேட்கிறார் என்பது அப்போதுதான் உறைத்தது. கணவர் எங்கோ உயிரோடு இருந்திருந்தால், வருவதற்காகவே அவர் சாக வேண்டியிருக்கும். பெற்ற மகன் வாயாலேயே நான் அப்படிக் கூப்பிட வைத்துவிட்டேன்.

"நாடகம்தானே மாக்சிக்" என்றேன், வெட்கங்கெட்டு.

"ஆமா, நாடகம்தானே" என்று அவரும் பிடித்துக்கொண்டார். "அப்ப இன்னொரு தரம் போடு. இலை போடுறதுக்கு முந்தி அவர் கதவைத் தொறந்துக்கிட்டு வரட்டும். மீன் வாங்கிக்கிட்டு வரட்டும். ஒரே ஒரு தரம் போடு. கூப்பிட்டது திரும்பிடும்."

போடுகிறேன் என்று சொன்னேன். கோவில் மண்டபத்தில் இரண்டு பெட்ரோமேக்ஸ் விளக்கு வைத்தால் போதும், ஒரு சாயங்கால வேலை. அப்பா வேஷத்துக்கு யாரைப் போடலாம் என்றுகூட அவரோடு பேசினேன். மாக்சிக் சிரித்தார். சிங்கப்பூரில் உடனே வரச் சொன்னார்கள். ஒரு மாதத்தில் வந்து போட்டுவிடலாம் என்று நண்பனிடம் சொல்லிவிட்டு ரயிலேறினேன்.

மாதங்கள் போயின, நான் வந்து போடவில்லை. வேலை அதிகம் என்று பிறகு எல்லாரிடமும் சொன்னேன். வேலை அதிகம்தான். ஆனால் அதுவல்ல காரணம். ஸ்டூடியோவில் போகிறவர் வருகிறவரிடமெல்லாம் அந்தக் கடைசிக் காட்சியைச் சொல்லிச் சொல்லித்தான் எனக்கு அங்கே மதிப்பு. டைரக்டர் என்னைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டதே அதனால்தான். செத்துப்போன அப்பா கையில் மீனோடு கதவைத் திறந்துகொண்டு வந்தால் அது என்ன நாடகம்? பார்க்கிறவன் சிரிப்பான். லண்டனில் படித்தவன் இப்படியா முடிப்பான் என்பான். ஒரு கிழவிக்காக, ஒரு சாயங்காலம், நான் மட்டமான நாடகம் ஒன்றைப் போட வேண்டியிருந்தது. அதற்கு எனக்கு மனம் வரவில்லை. இன்றைக்கு இதை நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

பொங்கலுக்கு வீட்டுக்கு வந்தேன். இடுப்பில் புதுச் சிலுவார், காலில் புது சப்பாத்து, பையில் சிங்கப்பூர் பிஸ்கட். நண்பன் வந்தான். மெலிந்திருந்தான். அந்த நாடகத்தைப் பற்றி அவன் என்னிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை, அன்றும் பேசவில்லை.

"அம்மா வரச் சொன்னாங்க" என்றான். "பார்ச்சுக்கு."

போனேன். மாக்சிக் வெள்ளைக் கபாயாவில் இருந்தார். நெற்றியில் ஒன்றும் இல்லை, கழுத்திலும் ஒன்றும் இல்லை. எனக்கு அவரை அடையாளமே தெரியவில்லை, ஒரு நொடி வேறு யாரோ என்று நினைத்தேன். "வா, சாப்பிட்டியா?" என்று எப்போதும்போலக் கேட்டார்.

உள்ளே இலைகள் போட்டிருந்தன. தாத்தாவுக்கு, அத்தைக்கு, பக்கத்தில் புதிதாக ஓர் இலை. அதில் மீன் இருந்தது. நண்பன் காலையிலேயே தெங்கேராவுக்குப் போய் வாங்கி வந்தது. எல்லாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டார் மாக்சிக். அந்தப் புது இலைக்கு வந்தபோதும் அதே குரலில் பெயரைச் சொன்னார். "மாரி மாக்கான்" என்றார். என் நண்பன் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான்.

எல்லாரும் வெளியே வந்தோம், நான் சப்பாத்தை மாட்டிக்கொண்டேன். கதவைச் சாத்தப் போன மகனின் கையை மாக்சிக் பிடித்து நிறுத்தினார். என்னைப் பார்த்தார். முகத்தில் கோபம் இல்லை. இருந்திருந்தால் எனக்கு எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

"முதல்ல கூப்பிட்டது நீதானே" என்றார். "கதவையும் நீயே சாத்து."

பழைய கதவு. ஒரு கையால் சாத்த வரவில்லை. புது சப்பாத்தைக் கழற்றிப் போட்டுவிட்டு, வாசற்படியில் காலை ஊன்றி, இரண்டு கையாலும் இழுத்துச் சாத்தினேன்.