இன்னும் ஒரு வண்டி

ஊரே ஆடிக்கொண்டிருந்த அந்தப் பாட்டு ஒருத்தியின் வயிற்றெரிச்சல் என்று ஆடியவர்களுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் ஆடாமல் இருந்திருப்பார்களா என்றால், அதுவும் சந்தேகம்தான். கேட்டால் கால் தானாக ஆடுகிற பாட்டு அது.

கல்யாணக் கூடம், உடற்பயிற்சி நிலையம், பல் டாக்டரின் வரவேற்பறை, எங்கே போனாலும் அதுதான். பாட்டு முடியப்போகிற நேரத்தில் கூட்டம் "இன்னும் ஒரு வண்டி!" என்று கத்தினால் இன்னொரு சுற்று வரும். அதுதான் அதிலிருந்த விளையாட்டு. என்ன வண்டி, யாருடைய வண்டி என்று ஒருவரும் கேட்கவில்லை. பக்கத்து வீட்டுக் குழந்தை ஐஸ்கிரீம் வண்டி என்றே முடிவு கட்டிவிட்டது.

அது ஈரத் துணி வண்டி. ஆஸ்பத்திரிகளுக்குத் துணி வெளுத்துக் கொடுக்கிற ஒரு பெரிய லாண்டரியில், படுக்கை விரிப்புகள் குவிந்து வருகிற இரும்பு வண்டி. அதன் ஒரு சக்கரம் எப்போதும் கிறீச்சென்று கத்தும். எத்தனை எண்ணெய் விட்டாலும் திருந்தாது.

அந்த வண்டிக்கு எதிரே இருபத்தாறு வருஷம் நின்றவளை அங்கே எல்லோரும் பெரியக்கா என்று கூப்பிட்டார்கள். இஸ்திரி போடுகிற கொதிக்கிற உருளைக்குள் விரிப்பைச் சுருக்கமில்லாமல் விடுவது அவள் வேலை. ஒரு முனையை அவள் பிடிப்பாள், மறு முனையை இன்னொருத்தி பிடிப்பாள். உருளை கவ்வி இழுத்ததும் கையை எடுத்துவிட வேண்டும். கொஞ்சம் அசந்தால் துணியோடு விரலும் உள்ளே போகும். விரல் நுனியெல்லாம் காய்த்துப்போய், வீட்டில் அடுப்பிலிருந்து பாத்திரத்தை வெறுங்கையால் இறக்குவாள். மறதி என்பது மட்டும் அவளுக்கு எந்த வயதிலும் வரவில்லை.

பத்தொன்பது வருஷத்துக்கு முன்னால் அந்த மறு முனையைப் பிடித்தவள் அவளுடைய தங்கை.

அவ்வளவு பெரிய கூடத்தில் அப்போது ஒரே ஒரு நாற்காலிதான். அது சூப்பர்வைசருடையது. மேடை கட்டி, அதன்மேல் சுழல் நாற்காலி போட்டு, எல்லோரையும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அதனால் அவருக்குப் பெண்கள் வைத்த பெயரே நாற்காலி. யாராவது கால் மாற்றி நின்றுவிட்டால் போதும், மேலேயிருந்து சொல்வார்: "இன்னும் ஒரு வண்டி, அப்புறம் உக்காரலாம்." திட்ட மாட்டார். குரலை உயர்த்த மாட்டார். சிரித்துக்கொண்டேதான் சொல்வார். அந்த வண்டி போனால் அடுத்த வண்டி வரும், அதற்கும் அதே சிரிப்பு. திட்டியிருந்தால்கூட மனசு ஆறியிருக்கும். அந்தச் சிரிப்பை என்ன செய்வது?

தங்கைக்கு அப்போது ஏழாம் மாசம். காலையிலிருந்தே இடுப்பு வலி. "சார், கொஞ்சம் உக்காந்துக்கறேன்" என்று மூன்று தடவை கேட்டாள். மூன்று தடவையும் அதே பதில், அதே சிரிப்பு. எட்டாவது வண்டியில் அவள் விழுந்தாள். நாற்காலி மேடையிலிருந்து குதித்து ஓடிவந்தார். தங்கையைத் தூக்கத்தான் வருகிறார் என்று பெரியக்கா நினைத்தாள். அவர் குனிந்து, தரையில் சரிந்து கிடந்த வெள்ளை விரிப்புகளை வாரியெடுத்து, ரத்தம் படாத இடமாகப் பார்த்து வைத்தார். அதற்கப்புறம்தான் அவளைத் திரும்பிப் பார்த்தார்.

குழந்தை பிழைக்கவில்லை. பிறகு வேறு குழந்தையும் பிறக்கவில்லை. "ஈரத் தரையில் தானே வழுக்கி விழுந்தார்" என்று அவர் அறிக்கை எழுதிக் கையெழுத்துப் போட்டார். ஒரு வருஷம் கழித்துப் பெரியக்காவிடமே வந்து, "உன் தங்கச்சி ஏம்மா இப்பல்லாம் வேலைக்கு வர்றதில்ல? நல்லா வேலை செய்வாளே" என்று விசாரித்தார். மறந்தே போயிருந்தார் மனுஷன்! இந்த ஆள் வாயாலேயே நடந்ததைச் சொல்ல வைக்காமல் இந்த வேலையை விடுவதில்லை என்று அன்றைக்குத்தான் அவள் சபதம் எடுத்தாள்.

அறிக்கையை எதிர்த்து எழுத அவளுக்குத் தெரியாது. பாடத் தெரியும். உருளையின் இரைச்சலுக்குள் நின்றுகொண்டே, வாய்க்குள் ஒரு பாட்டுக் கட்டினாள். கை வேகிறது, கால் கெஞ்சுகிறது, நீ சிரிக்கிறாய் என்று மூன்று சரணம். தங்கை விழுந்ததைச் சொல்கிற நான்காவது சரணம். உள்ளூர் வானொலியில் நேயர்கள் பாடுகிற நிகழ்ச்சி ஒன்று இருந்தது. அங்கே போய்ப் பாடிவிட்டு வந்தாள். இழுத்து இழுத்து ஆறு நிமிஷம். ஒரு மத்தியானம், செய்திக்கும் வானிலைக்கும் நடுவில் ஒரே ஒரு தடவை போட்டார்கள். கேட்டவர்கள் மூன்று பேர்: அவள், தங்கை, அப்புறம் வேறு வழியில்லாமல் நிலையத்துக்காரர். லாண்டரியில் இயந்திரச் சத்தத்தில் யார் காதிலும் விழவில்லை.

அதோடு அந்தப் பாட்டு செத்தது. அவள் பாடக் கேட்டிருந்த, கூட வேலை பார்க்கும் பெண்கள் மட்டும் எப்போதாவது முணுமுணுப்பார்கள்.

போன வருஷம் ஒரு பெண் வீடு தேடி வந்தாள். வாரம் முழுக்க முடிவெட்டும் கடை வைத்திருக்கிறவள், வாரக் கடைசியில் இரண்டு தோழிகளோடு பாட்டுக் குழு. அவளுடைய அம்மா லாண்டரியில் துணி மடிக்கிறவள். அம்மா முணுமுணுத்ததைக் கேட்டே வளர்ந்தவள் இவள்.

"பெரியம்மா, உங்க பாட்டை நாங்க வேற மாதிரி பண்ணிப் பாத்தோம். கேக்கறீங்களா?" என்று போனை நீட்டினாள்.

பெரியக்கா கேட்டாள். இரண்டு பங்கு வேகம். இழுவைகளையெல்லாம் நறுக்கி எறிந்திருந்தார்கள். நீராவி உஸ்ஸென்று சீறுவதும் சக்கரம் கிறீச்சிடுவதும் தாளமாக ஓடின. அதன்மேல் மூன்று குரல்கள் சேர்ந்து குதித்தன. அவளுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது.

"இது என் தங்கச்சி விழுந்த பாட்டுடி. இதுக்கா ஆடப்போறீங்க? எழுந்து வெளியே போ."

அந்தப் பெண் எழுந்திருக்கவில்லை. "அழுதா ஒரு தடவைதான் கேப்பாங்க பெரியம்மா. ஆட வச்சா நூறு தடவை கேப்பாங்க. அந்த ஆள் காதுல விழணுமா, வேண்டாமா?"

பெரியக்கா போனை வாங்கி இன்னொரு தடவை கேட்டாள். பிறகு, "ஒரு வார்த்தைகூட மாத்தக் கூடாது" என்றாள்.

"மாத்த மாட்டோம். ஆனா நாலாவது சரணத்துக்கு யாராலயும் ஆட முடியாது. அதை மட்டும் விட்டுடறோம்."

"விடு. அதை நான் வச்சுக்கறேன்."

மூன்றே மாசத்தில் பாட்டு பிய்த்துக்கொண்டு போனது. இத்தனை வருஷமாக ஒருத்தரும் சீந்தாத பாட்டுதான். பெரியக்காவுக்குப் பெருமையும் வந்தது, தன்மேலேயே எரிச்சலும் வந்தது. தங்கை அவள் வீட்டிலேயே இருந்து சட்டைகளுக்குப் பட்டன் தைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். பக்கத்து வீட்டிலிருந்து பாட்டு முதல் தடவை கேட்ட அன்றைக்கு எழுந்துபோய் ஜன்னலைச் சாத்தினாள். பத்து நாள் கழித்துச் சாத்தவில்லை. ஊசியில் நூல் கோத்துக்கொண்டே முழுசாகக் கேட்டாள்.

"நல்லாத்தான் பண்ணியிருக்காங்க" என்றாள். "ஆனா அதுல என்னைக் காணோமே அக்கா."



நாற்காலிக்கோ தலைகால் புரியவில்லை. துணி ஏற்ற வருகிற டிரைவர்களிடம் எல்லாம், "அந்தப் பாட்டு கேட்டியா? அது என்னோட வசனம்ப்பா!" என்று மார்தட்டிக்கொண்டிருந்தார். மூன்று சரணத்தில் அவரை எப்படித் திட்டியிருக்கிறது என்றுகூட அவருக்கு உறைக்கவில்லை. தாளம் அப்படி அடித்துப்போட்டிருந்தது. அவர் மார்தட்டியதைக் கேட்ட அன்றைக்குப் பெரியக்கா அவரைப் பார்த்துச் சிரித்தாள். பத்தொன்பது வருஷத்தில் அதுதான் முதல் சிரிப்பு. நேராக மேனேஜரிடம் போனாள். "சார் ஓய்வு பெறுற அன்னிக்குப் பாட்டுக் கச்சேரி எங்க ஏற்பாடு" என்றாள். புதிதாக வந்த மேனேஜருக்கு ஒரே சந்தோஷம்.

இரண்டு ஷிப்டுக்கும் நடுவில், இயந்திரங்களை நிறுத்திவிட்டு விழா வைத்தார்கள். துணி மடிக்கிற மேஜைகளைச் சேர்த்துப் போட்டு மேடை. மேடை நடுவில் நிர்வாகத்தின் பரிசு: மெத்தை வைத்த பெரிய சாய்வு நாற்காலி, பிளாஸ்டிக் உறையும் சிவப்பு ரிப்பனுமாக. அதைப் பார்த்துவிட்டுக் பழைய பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பெரியக்கா தங்கையைக் கூட்டிவந்து மூன்றாவது வரிசையில் உட்கார வைத்திருந்தாள்.

குழு பாடியது. கூடமே ஆடியது. நாற்காலியும் மேடைமேல் ஏறி ஆடினார், முட்டி வலியோடு. முடிகிற ஒவ்வொரு தடவையும் "இன்னும் ஒரு வண்டி!" என்று கத்தினார்கள், மூன்று சுற்றுப் போனது. அவர் வேர்த்து விறுவிறுத்துச் சாய்வு நாற்காலிப் பக்கம் போனபோது, முடிவெட்டும் பெண் மைக்கை நீட்டினாள்.

"சார், இது உங்க வார்த்தைன்னு சொல்றாங்களே, நிஜமா?"

அவர் மைக்கைப் பிடுங்காத குறைதான். "பின்னே? நான் சொன்னதுதான்! முப்பது வருஷம் இந்தக் கூடத்துல ஒருத்தியையும் உக்கார விட்டதில்ல நான்! எப்படிக் கெஞ்சினாலும் சரி, இன்னும் ஒரு வண்டி!"

சின்னப் பெண்கள் கைதட்டினார்கள். பழைய பெண்கள் தட்டவில்லை.

பெரியக்கா மேடையேறி அவர் கையிலிருந்த மைக்கை வாங்கினாள். "இன்னொரு சரணம் இருக்கு சார். அதுவும் உங்களோடதுதான்."

தாளம் இல்லாமல், பழையபடி இழுத்துப் பாடினாள்.

"ஏழு மாசம் சுமந்தவ எட்டாம் வண்டியில விழுந்தா,
எடுத்து நிறுத்த நீ வருவேன்னு ஏமாந்து நான் பாத்தேனே,
வெள்ளைத் துணியைத் தூக்கினே, விழுந்தவளை விட்டுட்டே,
வழுக்கி விழுந்தான்னு எழுதி வண்டியைத் தள்ளச் சொன்னியே."

முதல் இரண்டு வரிக்கு அவர் சிரித்துக்கொண்டுதான் இருந்தார். மூன்றாவது வரியில் சிரிப்பு நின்றது. கைதட்டிய பெண்களும் கையைக் கீழே போட்டார்கள்.

"யாரும்மா அது?" என்று மேனேஜர் கேட்டார்.

பெரியக்கா மூன்றாவது வரிசையைக் காட்டினாள். தங்கை எழுந்து வந்தாள், கூட்டம் வழிவிட்டது. பெரியக்கா சிவப்பு ரிப்பனை அவிழ்த்து, பிளாஸ்டிக் உறையைக் கிழித்தெறிந்து, "உக்காரு" என்றாள். தங்கை உட்கார்ந்தாள். நன்றாகச் சாய்ந்து, காலை நீட்டிக்கொண்டாள்.

"தரை அன்னிக்கு ஈரமா இருந்துச்சு, மேனேஜர் சார்..." என்று அவர் ஆரம்பித்தார். மேனேஜர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். நாற்காலி படி இறங்கப் பார்த்தார். படியில் முடிவெட்டும் பெண்ணின் அம்மாவும் இன்னும் நாலு பழைய பெண்களும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். வேறு போக்கில்லாமல் பெரியக்காவிடமே திரும்பினார்.

"முட்டி ரொம்ப வலிக்குதும்மா. கொஞ்சம் உக்காரணும்."

அவள் திட்டவில்லை. குரலை உயர்த்தவில்லை. சிரித்துக்கொண்டே சொன்னாள்.

"இன்னும் ஒரு வண்டி சார், அப்புறம் உக்காரலாம்."

சொல்லிவிட்டுப் பாட்டை முதல் சரணத்திலிருந்து ஆரம்பித்தாள், வானொலியில் பாடிய அதே பழைய பாட்டு. ஒருத்தரும் ஆடவில்லை. அவர் நின்றார். ஆறு நிமிஷப் பாட்டு அது, அவள் ஒரு இழுவையைக்கூடக் குறைக்கவில்லை.