ஆர்ட்டிஸ்ட் மாமாவின் ழகரம்

மண்ணெண்ணெயில் பிரஷ் கழுவும் வாசனை தெருவுக்குள் வந்தால், எதிர்வீட்டு ‘ஆர்ட்டிஸ்ட்’ மாமா வேலை முடித்துத் திரும்பிவிட்டார் என்று அர்த்தம். தியாகதுருகத்துக் கடைப் பலகைகளிலும் சுவர்களிலும் அவர் எழுதியதைப் பார்த்துத்தான் நான் எழுதப் பழகினேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான் என்பதால், பார்த்து எழுத வேறு கையெழுத்து எனக்கு இல்லை. அவருடைய ‘ழ’ தனி. பிரஷை எடுக்காமல் ஒரே இழுப்பில் சுழித்து வாலைக் கீழே இறக்குவார். சுவர் மூலையில் ‘பழனி’ என்று தன் பெயரைப் போடும்போது அந்த வால் இன்னும் கொஞ்சம் நீளும்.

நான் ஐந்தாம் வகுப்பு படிக்கையில் அவர் சாரத்திலிருந்து விழுந்து இறந்தார். மறுநாள் காலையில் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் வந்தது. எழுதப் படிக்கத் தெரியாத அவர் மனைவி, நான் அத்தை என்று கூப்பிடுபவர், அதிலிருந்த முகத்தைத் தடவிக்கொண்டே என்னை அழைத்தார்.

“நீ படிக்கிற புள்ளயாச்சே பாப்பா, மாமாவப் பத்தி இன்னா போட்டுக்கீறாங்க, படி.”

“பளனின்னு போட்டுக்கீறாங்க அத்த. மாமா பேரே தப்பு” என்று பந்தலுக்கே கேட்கும்படி சொன்னேன். அவருக்காகக் கோபப்பட்டேன் என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தேன். அத்தனை பெரியவர்களில் எனக்கு மட்டும் தெரிந்தது என்ற பெருமையும் அதில் இருந்தது.

“நாம கூப்புடுறதே அப்பிடித்தான?” என்றார், போஸ்டர் அடித்து வந்த அத்தையின் தம்பி. “உனுக்கு வோணும்னா அவர எழுப்பித் திருத்தச் சொல்லு.” நாலு பேர் சிரித்தார்கள்.

“ஊருக்கே பேரு எழுதுன ஆளுடா அவரு!” என்று அத்தை எழுந்தார். அவிழ்ந்த தலையோடு பஸ் ஸ்டாப் வரை ஓடி, சுவர் சுவராக ஒட்டியிருந்த போஸ்டரைக் கிழித்தார். கூப்பிட ஆள் போனது; அத்தை வரவில்லை. “நேரமாவுது, தூக்குங்கப்பா” என்றது ஒரு குரல். எங்கள் வழக்கத்தில் பெண்கள் சுடுகாட்டுக்குப் போவதில்லை. நகக்கண்ணெல்லாம் பசையோடு அத்தை திரும்பியபோது வாசலைக் கழுவிவிட்டிருந்தார்கள். கடைசியாக ஒருமுறை மாமாவின் முகத்தைப் பார்க்க அத்தைக்குக் கிடைக்கவில்லை.

போஸ்டரில் இருந்தது தப்புதான். நான் படித்தது சரிதான். அதனால் என்னை யாரும் ஒரு வார்த்தை திட்டவில்லை.

இன்று கள்ளக்குறிச்சியில் தமிழாசிரியையாக இருக்கிறேன். மாமா எழுதிய சுவர் ஒன்றுகூட மிச்சமில்லை. எல்லாவற்றின் மேலும் சுண்ணாம்பு ஏறிவிட்டது. போன மாதம் அத்தை தன் மகளின் கல்யாணப் பத்திரிகையை நீட்டினார்.

“படிச்சுக் காட்டு பாப்பா. தப்பு கிப்பு இருந்தா எங்கிட்ட சொல்லாத.”

இரண்டு இருந்தன. படித்து முடித்து, நல்லா இருக்குது அத்த என்றேன்.